18 கடை நடத்தியவரிடம் 146 கடைகள்: ஓர் இணைப்பும் அதற்குச் சொன்ன பரிகாரமும்

## எதற்காக இந்த நிகழ்வு

ஏகபோகத் தடுப்பு பற்றிப் படிக்க ஆரம்பிப்பவர்கள் பெரும்பாலும் ஸ்டாண்டர்ட் ஆயில், ஏடி அண்ட் டி, மைக்ரோசாஃப்ட் என்று பெரிய வழக்குகளில் ஆரம்பிப்பார்கள். அவையெல்லாம் நீதிமன்றம் வரை போன கதைகள். அமெரிக்காவில் இரண்டு நிறுவனங்கள் இணையும்போது எழும் சிக்கல்களில் பல அங்கே போவதே இல்லை, பேசி முடிக்கப்படுகின்றன. 'இந்த இந்த ஊரில் போட்டி குறைகிறது, அங்கே இருக்கும் கடைகளை வேறு யாருக்காவது விற்றுவிடுங்கள், மீதி இணைப்பை நடத்திக்கொள்ளலாம்' என்பதுதான் வழக்கமான உடன்பாடு. இதைப் பரிகாரம் என்கிறார்கள்.

அந்தப் பரிகாரம் பலித்ததா என்று பிறகு போய்ப் பார்த்தவர்கள் குறைவு. நார்த்ஈஸ்டர்ன் பல்கலைக்கழகத்தின் பொருளாதாரப் பேராசிரியர் ஜான் குவோகா அப்படிப் பார்த்தவர்களில் முக்கியமானவர். இணைப்புகளையும் பரிகாரங்களையும் பின்னோக்கிப் பார்க்கும் அவருடைய புத்தகம் 2015இல் எம்.ஐ.டி. பதிப்பகத்தில் வந்தது. இங்கே எழுதப்போகும் நிகழ்வு, அதாவது ஆல்பர்ட்சன்ஸ், சேஃப்வே என்ற சூப்பர்மார்க்கெட் நிறுவனங்களின் இணைப்பும் அதற்கான பரிகாரமும், நடந்ததும் அதே ஆண்டுதான். அந்தப் புத்தகத்தில் அட்டவணைகளாக இருக்கும் விஷயம் இந்த நிகழ்வில் கடைகளாகவும் வேலைகளாகவும் விலைச் சீட்டுகளாகவும் தெரிகிறது. அதனால்தான் இரண்டையும் சேர்த்து எழுதுகிறேன். நிறுவனங்களின் பெயர்கள் பொது ஆவணங்களில் இருப்பவை, அவற்றைச் சொல்கிறேன். உள்ளே இருந்து முடிவெடுத்த அதிகாரிகள், அலுவலர்கள், பணியாளர்கள் யாருடைய பெயரும் இங்கே வேண்டாம்.

## பின்னணி

2014 மார்ச் மாதம் ஆல்பர்ட்சன்ஸ், சேஃப்வே என்ற இரண்டு பெரிய சூப்பர்மார்க்கெட் நிறுவனங்கள் இணையப்போவதாக அறிவித்தன. ஆல்பர்ட்சன்ஸுக்குப் பின்னால் ஒரு முதலீட்டுக் குழு இருந்தது. இணைப்பின் மதிப்பு சுமார் 920 கோடி டாலர். அமெரிக்காவின் மேற்குப் பகுதியில் இரண்டுக்கும் ஏராளமான கடைகள். தெற்குக் கலிஃபோர்னியாவில் வான்ஸ், பெவிலியன்ஸ் என்ற பெயர்களில் நடந்த கடைகளும் சேஃப்வேயுடையவைதான். பல ஊர்களில் ஒரே சாலையின் இரு முனைகளில் இவர்கள் இருவரும்தான் நேருக்கு நேர் நின்று விற்றுக்கொண்டிருந்தார்கள்.

1914ஆம் ஆண்டின் கிளேட்டன் சட்டம், 7ஆம் பிரிவு, போட்டியைக் கணிசமாகக் குறைக்கக்கூடிய இணைப்புகளைத் தடுக்கிறது. குறைத்த பிறகு தண்டிப்பதைவிட குறையும் முன்பே நிறுத்துவதுதான் அதன் நோக்கம். 1976இல் வந்த இன்னொரு சட்டம், பெரிய இணைப்புகளை முன்கூட்டியே அரசிடம் தெரிவித்துவிட்டுக் காத்திருக்கச் சொல்கிறது. சூப்பர்மார்க்கெட் இணைப்புகளைப் பார்ப்பது ஃபெடரல் டிரேட் கமிஷன், வியாபாரப் போட்டியைக் காக்கும் அமெரிக்க அரசு அமைப்பு. இனி ஆணையம் என்றே சொல்கிறேன்.

மூன்றாவது பாத்திரம் ஹேகன். 1933இல் வாஷிங்டன் மாநிலத்தின் பெல்லிங்ஹாம் ஊரில் ஆரம்பித்த குடும்ப நிறுவனம். 2011இல் அதன் பெரும்பங்கை ஃபுளோரிடாவைச் சேர்ந்த ஒரு பிரைவேட் ஈக்விட்டி நிறுவனம் (நிறுவனங்களை வாங்கி வளர்த்து லாபத்துக்கு விற்கும் முதலீட்டு நிறுவனம்) வாங்கியிருந்தது. 2014 முடியும்போது ஹேகனிடம் வாஷிங்டனிலும் ஆரெகனிலுமாக இருந்தவை 18 கடைகள், ஏறக்குறைய 2,000 பணியாளர்கள். உள்ளூரில் நல்ல பெயர் உண்டு. கலிஃபோர்னியாவில் அதற்கு ஒரு கடைகூடக் கிடையாது.

## ஆணையம் கண்டது

சூப்பர்மார்க்கெட் விஷயத்தில் நாடு முழுவதற்குமான பங்கு பெரிதாக எதையும் சொல்லாது. வாரச் சாமான் வாங்க யாரும் இருநூறு மைல் போவதில்லை. அதனால் ஆணையம் ஒவ்வொரு ஊரையும், சில இடங்களில் ஊரின் ஒரு பகுதியையும், தனிச் சந்தையாக எடுத்துக்கொண்டது. அப்படிப் பார்த்தபோது 130 உள்ளூர்ச் சந்தைகளில் இந்த இணைப்பு போட்டியைக் குறைக்கும் என்று முடிவுக்கு வந்தது.

எப்படி அளக்கிறார்கள் என்பதைக் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும், பின்னால் வரும் சிக்கலின் வேர் அங்கேதான் இருக்கிறது. ஒவ்வொரு நிறுவனத்தின் சந்தைப் பங்கையும் வர்க்கப்படுத்திக் கூட்டினால் கிடைக்கும் எண்ணுக்கு ஹெர்ஃபின்டால் குறியீடு என்று பெயர். ஓர் ஊரில் ஐந்து கடைகள், ஆளுக்கு 20 சதவீதம் என்று வைத்துக்கொள்வோம். குறியீடு 2,000. இரண்டு கடைகள் இணைந்தால் ஒருவருக்கு 40, மற்ற மூவருக்கு 20 வீதம். குறியீடு 2,800 ஆகிறது, ஏற்றம் 800. அப்போது நடைமுறையில் இருந்த 2010 வழிகாட்டுதலின்படி, இணைப்புக்குப் பின் குறியீடு 2,500ஐத் தாண்டி, ஏற்றமும் 200க்கு மேல் இருந்தால் அந்த இணைப்பு சந்தை ஆதிக்கத்தைக் கூட்டும் என்றே அனுமானம். சரி, இப்போது இணைந்தவர் அந்த இரண்டில் ஒரு கடையை ஒரு புதியவருக்கு விற்றுவிடுகிறார். குறியீடு பழைய 2,000க்குத் திரும்பிவிடுகிறது.

வாங்கிய அந்தப் புதியவர் கடையை நடத்தத் தெரிந்தவரா, சரக்கு எங்கிருந்து வரும், கையில் பணம் இருக்கிறதா, வாடகை எவ்வளவு என்ற எதுவும் அந்தக் கணக்குக்குத் தெரியாது. விற்ற நாளன்று பழைய கடையின் 20 சதவீதத்தை அப்படியே தூக்கிப் புதியவர் பெயரில் எழுதுகிறோம். ஆறு மாதம் கழித்து அது 8 ஆகுமா, பூஜ்யம் ஆகுமா என்பதை அந்த எண்ணில் தேடிப் பயனில்லை. ஆணையத்தின் பொருளாதார வல்லுநர்களுக்கு இது தெரியாததல்ல. வாங்குபவரின் நிதிநிலையையும் திட்டத்தையும் தனியாக ஆராய்வதும் வழக்கம்தான். ஆனால் பங்கைப் பொறுத்தவரை சட்டத்தில் ஓர் அனுமானம் இருக்கிறது. வாங்குபவரின் திறனைப் பொறுத்தவரை இருப்பது ஒரு மதிப்பீடு மட்டும். பேச்சுவார்த்தை மேசையில் இவை இரண்டுக்கும் ஒரே எடை கிடைப்பதில்லை.

## எடுத்த முடிவும் அதன் காரணமும்

2015 ஜனவரி 27 அன்று ஆணையம் உடன்பாட்டை அறிவித்தது. எட்டு மாநிலங்களில் 168 கடைகளை விற்க வேண்டும். அதில் டெக்சாஸில் 12 கடைகளையும், மான்டனா, வயோமிங் மாநிலங்களில் 8 கடைகளையும், வாஷிங்டனில் 2 கடைகளையும் வேறு மூன்று நிறுவனங்கள் எடுத்துக்கொண்டன. மீதி 146 கடைகளும் ஹேகனுக்கு. கலிஃபோர்னியாவில் 83, வாஷிங்டனில் 26, ஆரெகனில் 20, அரிசோனாவில் 10, நெவாடாவில் 7. மூன்று நாளில் இணைப்பு முடிந்தது.

ஏன் ஒரே ஆளிடம் இத்தனை? ஆணையத்தின் பக்கம் நின்று யோசித்தால் காரணங்கள் புரியாதவை அல்ல. அந்தப் பகுதியில் ஏற்கெனவே பெரிதாக இருக்கும் ஒருவருக்கு விற்றால் ஒரு ஆதிக்கம் போய் இன்னொரு ஆதிக்கம் வந்து நிற்கும். முப்பது பேருக்குப் பிரித்துக் கொடுத்தால் யாருக்கும் மொத்தக் கொள்முதல் பலம் இருக்காது. அதனால் அந்தச் சந்தைகளில் இல்லாத, ஆனால் மளிகை வியாபாரம் தெரிந்த, முதலீட்டுப் பணம் பின்னால் இருக்கிற ஒருவர் தேவைப்பட்டார். ஹேகன் இந்த மூன்றுக்கும் பொருந்தியது. அது வளர ஆசைப்பட்டது, அதன் முதலீட்டாளர்களும் ஆசைப்பட்டார்கள். விற்பவருக்கோ சீக்கிரம் முடிய வேண்டும்.

வேறு வழி இல்லாமலும் இல்லை. 130 சந்தைகளில் சிக்கல் என்றால் அந்த இணைப்பே வேண்டாம் என்று நீதிமன்றம் போயிருக்கலாம். அல்லது ஒரு மாநிலம் முழுவதும் ஒரு பெயரில் நடக்கும் கடைகளை, அவற்றின் கிடங்கு, லாரிகள், கொள்முதல் அலுவலகம், கணினி அமைப்பு எல்லாவற்றோடும் ஒரே மூட்டையாக விற்கச் சொல்லியிருக்கலாம். அது நடந்திருந்தால் வாங்குபவர் கையில் வந்திருப்பது ஓடிக்கொண்டிருக்கும் ஒரு வியாபாரம். ஹேகன் கைக்கு வந்தது, சிக்கல் எழுந்த ஊர்களிலிருந்து ஒன்றொன்றாகப் பொறுக்கி எடுத்த கடைகள். சில ஆல்பர்ட்சன்ஸ், சில சேஃப்வே, சில வான்ஸ், சில பெவிலியன்ஸ்.

இந்த வேறுபாடு முக்கியம். ஆணையமே பின்னால் 2017இல் ஓர் அறிக்கை வெளியிட்டது, 2006 முதல் 2012 வரையிலான பரிகாரங்களைப் பற்றி. ஓடும் வியாபாரத்தை முழுதாக விற்றவை எல்லாமே வெற்றி. பொறுக்கி எடுத்த சொத்துகளை விற்றதில் வெற்றி சுமார் 70 சதவீதம்தான். 1999இல் செய்த முந்தைய ஆய்விலேயே, வாங்குபவருக்குத் தெரியாதது நிறைய என்பதும், விற்பவருக்கு அவர் ஜெயிக்க வேண்டும் என்ற அக்கறை இல்லை என்பதும் வெளிப்பட்டிருந்தது. அதாவது 2015 ஜனவரிக்கு முன்பே எச்சரிக்கை ஆணையத்தின் அலமாரியில் இருந்தது.

இன்னொரு உதாரணமும் கண்முன் இருந்தது. 2012 இறுதியில் ஹெர்ட்ஸ் என்ற கார் வாடகை நிறுவனம் டாலர் திரிஃப்டியை வாங்கியபோது, அட்வான்டேஜ் என்ற பிரிவை விற்றுவிட வேண்டும் என்பது பரிகாரம். அதை வாங்கிய நிறுவனத்தின் கையில் அட்வான்டேஜ் ஓராண்டுகூடத் தாங்கவில்லை. 2013 நவம்பரில் திவால் மனு.

## கைமாறிய மாதங்கள்

2015 பிப்ரவரியில் வடக்கே வாஷிங்டன் மாநிலத்தில் மாற்றம் தொடங்கியது. ஜூன் வரை போனது. 146 கடைகள், நாலரை மாதம். சராசரியாக நாளுக்கு ஒன்றுக்கு மேல். 18 கடைகள் நடத்திய நிறுவனம் 164 ஆனது. 2,000 பணியாளர்கள் 10,000க்கு மேல் ஆனார்கள். தலைமையகம் கனடா எல்லையை ஒட்டிய பெல்லிங்ஹாமில், தெற்குக் கோடியில் இருந்த கடைகள் மெக்சிகோ எல்லைப் பக்கம். இடையே சாலை வழியாக 2,000 கிலோமீட்டருக்கு மேல். தெற்குக்குத் தனி நிர்வாகம் அமைக்க வேண்டியிருந்தது, சரக்குக்குக் கலிஃபோர்னியாவில் வேறொரு மொத்த விற்பனையாளரை நம்ப வேண்டியிருந்தது.

ஒரு கடை கைமாறுவது எப்படி என்று கிட்டே போய்ப் பார்த்தால்தான் எங்கே வழுக்கும் என்று தெரியும். ஒரு நாள் மாலை பழைய பெயரில் கடை மூடுகிறது. இருப்பு எண்ணப்படுகிறது, ஏனென்றால் அந்தச் சரக்குக்கும் வாங்குபவர் பணம் தர வேண்டும். கல்லா இயந்திரங்களும் கணினிகளும் மாற்றப்படுகின்றன. ஆயிரக்கணக்கான பொருட்களுக்குப் புது விலைச் சீட்டு அடித்து அலமாரியில் ஒட்ட வேண்டும். வெளியே பெயர்ப்பலகை மாறுகிறது. ஓரிரு நாளில் கதவு திறக்க வேண்டும், அதுவரை பாலும் இறைச்சியும் காய்கறியும் காத்திருக்காது. திறந்ததும் உள்ளே வரும் வாடிக்கையாளர் முதலில் பார்ப்பது தான் வாரா வாரம் வாங்கும் பத்துப் பதினைந்து சாமான்களின் விலையைத்தான். அது கூடியிருந்தால் அவர் யாரிடமும் கேட்க மாட்டார். அடுத்த வாரம் வேறு கடைக்குப் போவார், அவ்வளவுதான்.

அதுதான் நடந்தது. தெற்குக் கலிஃபோர்னியாவில் ஹேகன் விலை அதிகம் என்ற பேச்சு சில வாரங்களில் பரவிவிட்டது. அந்தப் பெயரையே முதன்முறையாகக் கேட்கும் ஊர்கள் அவை. முதல் அபிப்பிராயம் அப்படி விழுந்துவிட்டால், பிறகு விலையைக் குறைத்து விளம்பரம் செய்தாலும் திரும்பி வருவோர் குறைவு. விற்பனை சரிந்தது. ஜூலையில் ஆள்குறைப்பும் வேலை நேரக் குறைப்பும் வந்தன. அது கடைகளை இன்னும் மோசமாக்கியது, அலமாரியை அடுக்க ஆளில்லாத கடையில் எவ்வளவு நாள் வாங்குவார்கள்?

## சரிவு

ஜூலையிலேயே ஆல்பர்ட்சன்ஸ் ஒரு வழக்குப் போட்டது. ஒப்படைத்த சரக்குக்குப் பணம் வரவில்லை, சுமார் 4 கோடி டாலர் பாக்கி என்பது புகார். ஆகஸ்டில் 27 கடைகளை மூடவோ விற்கவோ போவதாக ஹேகன் அறிவித்தது. செப்டம்பர் 1 அன்று ஹேகன் பதில் வழக்குப் போட்டது, 100 கோடி டாலருக்கு மேல் நஷ்டஈடு கேட்டு. ஒரு வாரம் கழித்து, செப்டம்பர் 8 அன்று, சாப்டர் 11 திவால் மனு, அதாவது நீதிமன்றப் பாதுகாப்பில் கடன்களைச் சீரமைக்கக் கேட்கும் மனு. அதே மாதக் கடைசியில் தெற்கிலிருந்து முற்றாக வெளியேறுவதாகவும், இன்னும் 100 கடைகளை விட்டுவிட்டு வடமேற்கில் 37ஐ மட்டும் வைத்துக்கொள்வதாகவும் அறிவிப்பு.

உடன்பாடு அறிவிக்கப்பட்டதிலிருந்து திவால் மனு வரை எட்டு மாதம்கூட ஆகவில்லை.

பிறகு ஏலம். வேறு சில நிறுவனங்கள் கடைகளை எடுத்தன, நிறைய மூடப்பட்டன. ஏலத்தில் ஆல்பர்ட்சன்ஸும் இருந்தது. எந்தக் கடைகளைத் தன் கையில் வைத்திருந்தால் போட்டி குறையும் என்று விற்க வைத்தார்களோ அவற்றில் பலவற்றை அதுவே திரும்ப வாங்கியது. ஆணையம் அனுமதித்தது. அந்த நேரத்தில் மாற்று என்ன என்றால், பூட்டிய கடை. கடைசியில் 2016 மார்ச்சில், ஹேகனின் மிச்ச 29 முக்கியக் கடைகளையும் ஆல்பர்ட்சன்ஸ் 10.6 கோடி டாலருக்கு வாங்கியது. அவற்றில் ஹேகனின் ஆரம்பக் காலக் கடைகளும் இருந்தன. பரிகாரம் தொடங்கியபோது தனியாக இருந்த ஒரு போட்டியாளர் பரிகாரம் முடிந்தபோது இல்லை. இணைப்பால் இழந்த போட்டியைத் திரும்பக் கொண்டுவர என்று செய்த ஏற்பாடு, இணைப்புக்கு வெளியே நின்ற ஒருவரையும் சேர்த்து விழுங்கிவிட்டது. இந்த நிகழ்வில் எனக்கு மிகவும் வலிப்பது இதுதான்.

## யார் காரணம் என்ற தகராறு

ஹேகன் நீதிமன்றத்தில் சொன்னது கடுமையானது. விற்பவர் கொடுத்த விலைத் தகவல் தவறானது, முழுமையற்றது, அதனால் தெரியாமலே விலையைக் கூட்டி வைத்துவிட்டோம். சில கடைகளில் வேண்டுமென்றே சரக்கைக் குறைத்தார்கள், சிலவற்றில் கெட்டுப்போகும் பொருட்களை அளவுக்கு மேல் குவித்தார்கள். எந்தக் கடை எந்த நாளில் மாறும் என்ற ரகசிய அட்டவணையைப் பார்த்து அந்த நேரத்துக்குப் போட்டி விளம்பரம் செய்தார்கள். இப்படிப் போனது புகார். ஆல்பர்ட்சன்ஸ் எல்லாவற்றையும் மறுத்தது. விசாரணை நடந்து உண்மை எது என்று யாரும் தீர்ப்புச் சொல்லவில்லை. 2016 ஜனவரியில் 57.5 லட்சம் டாலருக்குச் சமரசம் ஆனது.

கடன் கொடுத்தவர்கள் வேறொரு பக்கம் கை நீட்டினார்கள். ஹேகனின் முதலீட்டாளர்கள், வாங்கிய கடைகளின் மதிப்புள்ள நிலம், கட்டடங்களைத் தனி நிறுவனங்களில் வைத்துவிட்டார்கள், கடை நடத்தும் நிறுவனத்தின் தலையில் வாடகையும் நஷ்டமும் மட்டும் விழுந்தது என்பது அவர்கள் வாதம். டெலவேரில் உள்ள திவால் நீதிமன்றம் விசாரித்து, 2018இல் முதலீட்டாளர்களுக்குச் சாதகமாகத் தீர்ப்பளித்தது. சட்டப்படி தவறில்லை என்று ஆனது.

இந்த இரண்டு வழக்கையும் வைத்து யார் கெட்டவர் என்று தேடிக்கொண்டிருப்பதில் எனக்கு ஆர்வமில்லை. ஆல்பர்ட்சன்ஸ் அத்தனையும் ஒழுங்காகவே செய்தது என்றே வைத்துக்கொள்ளுங்கள். அப்போதும், வாங்குபவர் ஜெயித்தால் விற்பவருக்கு நஷ்டம், தோற்றால் லாபம். விலை விவரம், சரக்கு விவரம், மாற்றத்தின் அட்டவணை எல்லாம் விற்பவர் கையில். முதலீட்டாளர்களும் சட்டத்துக்கு உட்பட்டே நடந்தார்கள் என்று நீதிமன்றமே சொல்லிவிட்டது. அப்போதும், கடை தோற்றாலும் நிலத்தின் மதிப்பு காப்பாற்றப்படும் நிலையில் இருந்தவர்கள் அவர்கள். தோற்றால் எல்லாம் போகும் என்ற நிலையில் இருந்தது கடையில் வேலை பார்த்தவர்களும் அந்த ஊர் வாடிக்கையாளர்களும்தான். அவர்கள் யாரும் அந்த மேசையில் உட்காரவில்லை.

## குவோகாவின் புத்தகங்களோடு வைத்துப் பார்த்தால்

2015 புத்தகத்தில் குவோகா செய்தது இது: நடந்து முடிந்த இணைப்புகளைப் பற்றி வெவ்வேறு ஆய்வாளர்கள் விலை எப்படி மாறியது என்று அளந்து எழுதியவற்றையெல்லாம் திரட்டி, அந்தந்த இணைப்பில் அரசு என்ன முடிவெடுத்திருந்தது என்பதோடு பொருத்தினார். ஆய்வு செய்யப்பட்ட இணைப்புகளில் பத்தில் எட்டுக்கும் மேற்பட்டவற்றில் விலை ஏறியிருந்தது, சராசரி ஏற்றம் 7 சதவீதத்தை ஒட்டி. பரிகாரத்தோடு அனுமதித்தவற்றிலும் விலை ஏறியிருந்தது. நடத்தை பற்றிய நிபந்தனைகள், அதாவது 'இப்படி நடந்துகொள், அப்படி நடக்காதே' என்ற வகை, கடைகளை விற்க வைப்பதைவிடவும் பலவீனமாகத் தெரிந்தது.

இதற்கு மறுப்பும் உண்டு. ஆணையத்தின் பொருளாதார வல்லுநர்கள் சிலரே அதை எழுதினார்கள். ஆய்வுகளின் எண்ணிக்கை சிறிது, சில குறிப்பிட்ட துறைகளே திரும்பத் திரும்ப வருகின்றன, சந்தேகத்துக்குரிய இணைப்புகளைத்தான் யாரும் ஆராய்வார்கள் என்பதால் முடிவு ஒருபக்கம் சாய்ந்திருக்கும் என்றார்கள். நியாயமான கேள்விகள்தான். ஆனால் கடைசிக் கேள்வியைக் கொஞ்சம் திருப்பிப் பாருங்கள். சந்தேகத்துக்குரியவை என்று தெரிந்தும் அனுமதிக்கப்பட்ட இணைப்புகளில் விலை ஏறியது என்றால், அனுமதித்த முடிவைப் பற்றி அது ஏதோ சொல்கிறதல்லவா? 130 சந்தைகளில் போட்டி குறையும் என்று ஆணையமே சொன்ன இணைப்பு இது.

2020இல் வந்த அவருடைய அடுத்த புத்தகம், இணைப்புக் கட்டுப்பாட்டை எப்படிச் சீர்திருத்துவது என்று பேசுகிறது. சந்தையின் அமைப்பை வைத்தே வலுவான அனுமானம் எடுக்க வேண்டும், பரிகாரங்களை இவ்வளவு நம்பக்கூடாது என்ற திசையில் அதன் வாதம் போகிறது. ஹேகன் கதையைப் படித்துவிட்டு அதைப் படித்தால் அந்த வாதத்தின் கோபம் எங்கிருந்து வருகிறது என்று புரியும். விலை ஏற்றத்தை அளக்கும் ஆய்வு என்றால் கடை இருக்க வேண்டும். மூடிய கடையின் விலை எந்தத் தரவிலும் வராது. அதனால் குவோகாவின் சராசரிகள்கூட ஹேகன் மாதிரியான தோல்வியைக் குறைத்தே காட்டும் என்று நினைக்கிறேன்.

## அடுத்த முறை

2022 அக்டோபரில் குரோகர் என்ற நிறுவனம் ஆல்பர்ட்சன்ஸையே 2,460 கோடி டாலருக்கு வாங்கப்போவதாக அறிவித்தது. முன்வைத்த பரிகாரம் அதே வகைதான்: முதலில் 413 கடைகளை, பிறகு கூட்டி 579 கடைகளை, சி அண்ட் எஸ் என்ற மொத்த விற்பனை நிறுவனத்துக்கு விற்பது. மொத்த வியாபாரத்தில் அது பெரிய நிறுவனம். சில்லறையில் அது நடத்தியவை 23 சூப்பர்மார்க்கெட்டுகள்.

இந்த முறை ஆணையம் பேசி முடிக்கவில்லை. 2024 பிப்ரவரியில் வழக்குப் போட்டது. விவாதம் முழுக்க ஹேகன் பெயர் வந்துகொண்டே இருந்தது. டிசம்பர் 10 அன்று ஆரெகனில் ஃபெடரல் நீதிமன்றம் இணைப்பை நிறுத்தியது, அதே நாளில் வாஷிங்டன் மாநில நீதிமன்றமும். சி அண்ட் எஸ் அந்தக் கடைகளை எடுத்து நடத்திப் போட்டியைக் காக்கும் என்பதை ஃபெடரல் நீதிமன்றம் ஏற்கவில்லை. முன்பு வாங்கிய கடைகளை அந்த நிறுவனம் திரும்ப விற்றுவிட்ட வரலாறும் பேசப்பட்டது. மறுநாள் ஆல்பர்ட்சன்ஸ் ஒப்பந்தத்தை முறித்துக்கொண்டு குரோகர் மேலேயே வழக்குப் போட்டது.

## என்ன மாற வேண்டும்

முதலில், பரிகாரம் தேவைப்படும் இடங்களின் எண்ணிக்கையையே ஒரு சான்றாக எடுக்க வேண்டும். ஐந்தாறு ஊரில் சிக்கல் என்றால் விற்றுச் சரிசெய்யலாம். 130 ஊரில் சிக்கல் என்றால் இணைப்பே அந்தச் சிக்கலில்தான் நிற்கிறது. அங்கே சரியான பதில் மறுப்பு என்பது என் கருத்து.

விற்றே ஆக வேண்டும் என்றால் ஓடும் வியாபாரத்தை விற்க வேண்டும். கிடங்கோடு, கொள்முதல் ஆட்களோடு, அந்தப் பகுதியில் தெரிந்த பெயரோடு. இணைபவர்கள் இதற்கு ஒப்புக்கொள்ளத் தயங்குவார்கள், இணைப்பின் லாபமே குறைந்துவிடும் என்பார்கள். குறையட்டும். அந்த லாபத்தில் எவ்வளவு செயல்திறனால் வருவது, எவ்வளவு ஆதிக்கத்தால் வருவது என்று அப்போதுதான் தெரியவரும்.

வாங்குபவரைப் பற்றிக் கேட்க வேண்டிய கேள்விகள் வேறு. இப்போது எத்தனை கடை நடத்துகிறார், எத்தனை மடங்கு பெருகப்போகிறார், இதுவரை ஒரே நேரத்தில் அதிகபட்சம் எத்தனை கடைகளைச் சேர்த்திருக்கிறார். நிலமும் கட்டடமும் கடை நடத்தும் நிறுவனத்தின் பெயரிலேயே இருக்குமா, இல்லை முதல் நாளே வேறு கைக்குப் போய்விடுமா. முதலீட்டாளர்கள் நஷ்டத்தில் எவ்வளவு தாங்குவார்கள் என்பது எழுத்தில் இருக்க வேண்டும். குறிப்பிட்ட ஆண்டுகளுக்கு நிலத்தைப் பிரித்து விற்கக்கூடாது என்ற ஒரே நிபந்தனை இருந்திருந்தால்கூட ஹேகனின் முதலீட்டாளர்கள் 146 கடை கேட்டிருப்பார்களா என்று யோசிக்கலாம்.

கைமாற்றத்தின் வேகம் வாங்குபவரின் கையில் இருக்க வேண்டும். பத்துக் கடையை மாற்றிப் பார், விலை சரியாக இருக்கிறதா, சரக்கு வருகிறதா என்று பார், அப்புறம் அடுத்த பத்து. அதுவரை இணைப்பு முழுமை அடையக்கூடாது. இந்த ஒன்று மட்டும் இருந்தால் விற்பவரின் அக்கறையே மாறிவிடும், வாங்குபவர் தடுமாறினால் தன் இணைப்பும் நிற்கும் என்பதால் விலைப் பட்டியலைத் தானே இரண்டு முறை சரிபார்த்துக் கொடுப்பார்.

கடைசியாக, பின்னோக்கிப் பார்க்கும் வேலை. குவோகா தனி ஆளாக மற்றவர்களின் ஆய்வுகளைத் தேடித் திரட்ட வேண்டியிருந்தது. ஆணையம் ஒவ்வொரு பரிகாரத்துக்கும் மூன்றாம் ஆண்டிலும் ஐந்தாம் ஆண்டிலும் அந்தக் கடை இருக்கிறதா, யார் கையில் இருக்கிறது, விலை என்ன, வேலையில் எத்தனை பேர் என்று பார்த்து வெளியிட்டால் போதும். எந்தச் சந்தையில் எந்தக் கடை விற்கப்பட்டது என்ற பட்டியல் ஆணையத்தின் உத்தரவிலேயே முகவரியோடு இருக்கிறது. அந்த முகவரிகளுக்குத் திரும்பப் போய் எண்ண வேண்டியதுதான் மிச்சம்.